அக்கா ஊட்டும் கூழ்

ஆடி மாதம். பாலக்காட்டுக் கணவாயில் புகுந்து வரும் காற்று ஆனைமலைப் பக்கத்துத் தென்னந்தோப்புகளைப் போட்டு உலுக்கிக்கொண்டிருந்தது. நான் போயிருந்த தோப்பில் எட்டுத் தேன்பெட்டிகள். மூடி பறந்துவிடாமல் ஒவ்வொன்றின் மேலும் ஒரு கல். தோப்புக்காரர் ஒரு பெட்டியைத் திறந்து, புழு அறையிலிருந்து ஒரு சட்டத்தைத் தூக்கிக் காட்டினார்.

“வாரா வாரம் சர்க்கரைத் தண்ணி தப்பாம வெக்கறனுங்க. அத்தனையும் குடிச்சுப்போடுதுங்க. ஆனா ராணி முட்டையே வெக்கறதில்லீங்க. வயசாயிருச்சுங்களாட்ட இருக்குது. நசுக்கிப்போட்டு வேற ராணி உண்டு பண்ணலாம்னு இருக்கறனுங்க.”

ராணி சட்டத்தின் நடுவில்தான் நடந்துகொண்டிருந்தது. இறக்கை கிழியவில்லை, நெஞ்சு மயிர் உதிர்ந்து வழுக்கையாகவில்லை. இளம் ராணிதான். அடையின் மேலோரத்தில் சர்க்கரைப் பாகு நிறைந்து பளபளத்தது. அதற்குக் கீழே மஞ்சளும் ஆரஞ்சும் பழுப்புமாக மகரந்தம் அடைத்திருக்க வேண்டிய வளையத்தில் வெறும் அறைகள்.

“ராணிக்கு ஒண்ணுமில்லீங்க, பசி” என்றேன்.

“அதுதான் சர்க்கரை ஊத்தறமல்லங்க?” என்றார் அவர்.

இந்த அத்தியாயம் அந்தக் கேள்விக்கான பதில்தான். அங்கே நின்று சொல்வதற்குக் காற்று விடவில்லை.

நம்மைக் குழப்பியது ‘ராணி’ என்ற பெயர். பந்தி விரித்து, முதல் இலை போட்டு, அது உட்கார்ந்து உண்பதாக நினைத்துக்கொள்கிறோம். ராணித் தேனீ தன் ஆயுளில் ஒரு பூவிலும் போய் உட்கார்ந்து தீனி தேடுவதில்லை. தேனைத் தானே குடிக்க அதற்குத் தெரியும். ஆனால் முட்டைக்கு வேண்டிய புரதம் இன்னொரு தேனீயின் வாயிலிருந்துதான் வந்தாக வேண்டும். புழுவாகக் கிடக்கும்போது ஊட்டுவது அதன் அக்காக்கள். முட்டை வைக்கும் பருவத்தில் ஊட்டுவது அதன் மகள்கள். நாம் ஊற்றும் எதுவும் ராணிக்கு நேராகப் போய்ச் சேர்வதில்லை. நடுவில் ஒரு சமையல்காரி இருக்கிறாள். அவளுடைய பானை காலியாக இருந்தால் ராணியின் வயிறும் காலிதான்.

அந்தச் சமையல்காரியைப் பார்ப்போம். அறையை விட்டு வெளியே வந்து ஐந்தாறு நாள் முதல் ஏறக்குறைய இரண்டு வாரம் வரை ஒரு வேலைக்காரத் தேனீ தாதியாக இருக்கிறது. அதன் தலைக்குள், சின்ன வெங்காயத்தைச் சரமாகக் கோத்துச் சுருட்டி வைத்ததுபோல இரண்டு சுரப்பிகள். தாதிப் பருவத்தில் அவை பருத்து நிற்கும். மகரந்தத்தைத் தின்று செரித்து, அதன் புரதத்தை இந்தச் சுரப்பிகள் வழியாக வெள்ளைக் கூழாகக் கறக்கிறது தாதி. தாடைச் சுரப்பியிலிருந்து கொஞ்சம் கொழுப்பும் சேரும். இதுதான் அரசக் கூழ். மூன்றில் இரண்டு பங்கு தண்ணீர், மீதி புரதம், சர்க்கரை, கொழுப்பு. தொட்டு நாக்கில் வைத்தால் புளிப்பு, லேசான காரம். அமிலத்தன்மை ஏறக்குறைய தக்காளிச் சாற்றின் அளவு. இதைத் தின்றால் மனிதனுக்கு இளமை திரும்பும் என்று மாத்திரையாக அடைத்து விற்கிறார்கள். 2011-இல் ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் அந்த வாதங்களை ஆராய்ந்து, எதற்கும் ஆதாரம் போதாது என்று சொல்லிவிட்டது. நம் வயிற்றுக்குள் போனால் அது இன்னொரு புரதம், அவ்வளவுதான்.

தேனீப் புழுவின் வயிற்றுக்குள் போனால் கதை வேறு. இதை மனிதர் புரிந்துகொள்ளவே ரொம்ப நாள் பிடித்தது. பெட்டிக்குள் இருப்பது ராஜா என்றே ஐரோப்பாவில் நெடுங்காலம் நம்பினார்கள். 17-ஆம் நூற்றாண்டில் டச்சுக்காரர் ஸ்வாமர்டாம் அதை அறுத்துப் பார்த்துச் சினைப்பையைக் கண்டார். 1760-களில் ஜெர்மானியப் பாதிரியார் ஷிராக் ஒரு காரியம் செய்தார். ராணி இல்லாத தேனீக்களிடம் வேலைக்காரத் தேனீக்களாக வேண்டிய இளம் புழுக்கள் இருந்த அடையைக் கொடுத்து அடைத்து வைத்தார். சில நாளில் அந்த அறைகளில் ஒன்றைப் பெரிதாக்கி, அதிலிருந்து ராணியை உருவாக்கிவிட்டன தேனீக்கள். ராணியாவதும் வேலைக்காரியாவதும் முட்டையில் இல்லை, வளர்ப்பில் இருக்கிறது என்பது அன்று தெரிந்தது. அதை நுணுக்கமாகத் தொடர்ந்தவர் சுவிட்சர்லாந்தின் பிரான்சுவா ஹூபர். பார்வை இல்லாதவர். பணியாள் பர்னென்ஸ் பார்த்துச் சொல்ல, இவர் கேள்வி கேட்டுக் கேட்டு எழுதி 1792-இல் வெளியிட்ட நூல் இன்றும் தேனீ ஆய்வாளர்களின் மரியாதைக்குரியது.

நம் ஊருக்குக் கூட்டுக்குள் பார்க்கும் வாய்ப்பு கொஞ்சம் தாமதமாக வந்தது. பானையிலும் மரப்பொந்திலும் இருந்த கூட்டத்தைக் கலைக்காமல் உள்ளே பார்க்க முடியாது. 1910-களில் திருச்சி புனித வளனார் கல்லூரியைச் சேர்ந்த நியூட்டன் பாதிரியார் நம் அடுக்குத் தேனீயின் அளவுக்கேற்ற சட்டப் பெட்டியை வடிவமைத்தார். ‘நியூட்டன் பெட்டி’ என்று அவர் பெயரிலேயே அது இன்னும் வழங்குகிறது. 1906-இல் வேளாண் கல்லூரியாகக் கோவைக்கு வந்து, 1971-இல் பல்கலைக்கழகமாக வளர்ந்த லாலி ரோடு வளாகத்தில் பூச்சியியல் துறையார் மாதந்தோறும் தேனீ வளர்ப்புப் பயிற்சி நடத்துகிறார்கள். அங்கே போனால் முதலில் கற்றுத்தருவது ராணியை அடையாளம் காண்பது. மகரந்த வளையத்தை அடையாளம் காண்பதைத்தான் முதலில் கற்றுத்தர வேண்டும் என்பது என் கட்சி.

சரி, கூழில் அப்படி என்னதான் இருக்கிறது?

பழைய விடை எளிமையானது. எல்லாப் புழுவுக்கும் முதல் மூன்று நாள் கூழ். பிறகு வேலைக்காரப் புழுக்களுக்குத் தேனும் மகரந்தமும் கலந்த சாதாரணச் சாப்பாடு, ராணிப் புழுவுக்கு மட்டும் கடைசிவரை கூழ். பள்ளிப் பாடம் இத்தோடு முடிந்துவிடும். கூழுக்குள் ஒரு மந்திரப் பொருள் ஒளிந்திருக்கிறது என்ற நம்பிக்கை அதிலிருந்து பிறந்ததுதான். 2011-இல் ஜப்பானின் கமகுரா, ‘ராயலாக்டின்’ என்று பெயரிட்ட ஒரே ஒரு புரதம்தான் அந்த மந்திரம் என்று ‘நேச்சர்’ இதழில் எழுதினார். பழ ஈக்குக் கொடுத்தால்கூட அது பெருத்து, நிறைய முட்டை வைத்தது என்றார். உலகம் கைதட்டியது. 2016-இல் அதே இதழில் ஜெர்மனியிலிருந்து பட்ஸ்டெட்டும் குழுவினரும், அந்தப் புரதம் இல்லாத கூழிலும் ராணி வருகிறதே என்று மறுத்தார்கள். இரண்டு ஆண்டு கழித்து அதே குழு அந்தப் புரதத்துக்கு வேறொரு வேலையைக் கண்டுபிடித்தது. எனக்கு மந்திரத்தைவிட அதுதான் அழகாகப் படுகிறது. ராணி அறை தலைகீழாகத் தொங்கும். நிலக்கடலைக் காயை அடையின் அடியோரத்தில் ஒட்டவைத்ததுபோல் இருக்கும். வாய் கீழே, புழு மேலே. புழு ஏன் விழுவதில்லை? கூழின் புளிப்பில் அந்தப் புரதம் இழை இழையாகப் பின்னி, கூழைப் பசையாக்கிப் புழுவைக் கூரையில் ஒட்டிப் பிடிக்கிறது. புளிப்பைக் குறைத்துப் பார்த்தார்கள். கூழ் இளகியது, புழுக்கள் பொத்துப் பொத்தென்று விழுந்தன. ராணியின் உணவே ராணியின் தொட்டில்.

கேள்வியைத் தலைகீழாகக் கேட்டவர்களும் உண்டு. ராணிக்கு என்ன கொடுக்கிறார்கள் என்பதை விடுங்கள், அதற்கு என்ன கொடுப்பதில்லை? இலினாய் பல்கலைக்கழகத்தின் மே பெரன்பாம் குழு 2015-இல் காட்டியது: மகரந்தத்திலும் தேனிலும் உள்ள ஒரு தாவர அமிலத்தைப் புழுவின் தீனியில் கலந்தால் சினைப்பை சுருங்குகிறது. வேலைக்காரப் புழுவுக்குக் கிடைக்கும் ‘சாதாரணச் சாப்பாடு’ வெறும் ஏழைச் சாப்பாடு அல்ல, மலடாக்கும் சாப்பாடு. 2020-இல் வட டகோட்டா மாநிலப் பல்கலைக்கழகத்தார் இன்னொரு பக்கத்தைத் தட்டினார்கள். கூழின் தரத்தை மாற்றி மாற்றிப் பார்த்ததில் பெரிய வேறுபாடில்லை, அளவைக் கூட்டியபோதுதான் ராணித்தன்மை கூடியது. இதற்கெல்லாம் முன்பே, 2008-இல், கான்பெராவில் மலேஷ்காவின் குழு தீனியை மாற்றாமல், மரபணுக்கள் மேல் குறியிடும் ஒரு நொதியை மட்டும் இளம் புழுக்களில் அடக்கிப் பார்த்தது. நூற்றுக்கு 72 புழுக்கள் ராணியாகவே வந்தன. தீனி மரபணுவை மாற்றுவதில்லை. எந்த விளக்கு எரிய வேண்டும், எது அணைய வேண்டும் என்று சுவிட்சைத் தட்டுகிறது.

மந்திரப் பொருள் ஒன்றே ஒன்று என்று தேடியது வீண் என்றே நான் கருதுகிறேன். அளவு, நேரம், எதைக் கொடுப்பது, எதைத் தவிர்ப்பது எல்லாம் சேர்ந்த ஒரு வளர்ப்பு அது. விளைவு மட்டும் திகைக்க வைக்கும். ஒரே தாயின் ஒரே மாதிரி முட்டை. இத்தாலிய இனத்தில் ஒன்று 16 நாளில் ராணியாக வருகிறது, சினைப்பை ஒவ்வொன்றிலும் நூற்றைம்பதுக்கு மேல் சினைக்குழல்கள், இரண்டு மூன்று ஆண்டு ஆயுள். இன்னொன்று 21 நாளில் வேலைக்காரியாக வருகிறது, விரல் விட்டு எண்ணும் சினைக்குழல்கள், பூக்காலத்தில் ஆறு வாரத்தில் சாவு. நம் அடுக்குத் தேனீ சற்றுச் சிறியது, முட்டை எண்ணிக்கையும் குறைவு, ஆனால் கணக்கு இதே கணக்குத்தான். ராணி வெளிவரும் முன் அறையின் நுனி மெழுகைச் சுரண்டி எடுத்துவிடும் பழக்கம் அதற்கு உண்டு. மெழுகு போய்ப் பழுப்புக் கூடு தெரிந்தால், ராணி பிறக்கப் போகிறது என்று பெட்டிக்காரர் தெரிந்துகொள்வார்.

வளர்ந்த ராணிக்கும் தீனி நிற்பதில்லை. உச்சப் பருவத்தில் இத்தாலிய ராணி ஒரு நாளில் 1,500 முட்டைக்கு மேல் வைக்கும். அந்த முட்டைகளை எடை போட்டால் ராணியின் எடையைத் தொடும். தினம் தன் எடையைப் பெற்றுப் போடும் உயிருக்குக் கூழ் ஊட்டிக்கொண்டே இருந்தால்தான் முடியும். அதனால் முட்டையின் எண்ணிக்கையைத் தீர்மானிப்பது ராணியல்ல, ஊட்டும் மகள்கள். கூட்டம் பிரியும் முன் அவர்கள் ஊட்டுவதைக் குறைத்து ராணியை இளைக்கவைத்து, பறக்கத் தயார்ப்படுத்துவதும் இந்தக் கைப்பிடியால்தான்.

ஊட்டுகிறவளுக்கு வேண்டியது மகரந்தம். அவளுடைய சுரப்பி சர்க்கரையைப் புரதமாக்காது. தேனீக்குத் தவிர்க்க முடியாத அமினோ அமிலங்கள் பத்து என்று 1953-இலேயே டி குரூட் கண்டு சொன்னார். அவையும் கொழுப்பும் உயிர்ச்சத்தும் வருவது பூந்தாதிலிருந்து மட்டுமே. மகரந்த வரத்து நின்றால் தாதிகள் சில நாள் தம் உடம்பிலுள்ள இருப்பைக் கரைத்து ஊட்டுவார்கள். அதுவும் வற்றினால் ராணி வைக்கும் முட்டையையும் பொடிப் புழுவையும் தின்று, அந்தப் புரதத்தை மூத்த புழுக்களுக்குக் கூழாக்கிக் கொடுப்பார்கள். ‘ராணி முட்டையே வெக்கறதில்லீங்க’ என்று நாம் சொல்லும்போது, காலையில் வைத்த முட்டை மாலைக்குள் தின்னப்பட்டிருக்கலாம். அந்தக் குற்றத்துக்காக ராணியை நசுக்குவது எத்தனை பெட்டிகளில் நடக்கிறதோ.

கொங்கு நாட்டில் நின்று மகரந்தப் பஞ்சம் என்று பேசுவது விசித்திரம். குறுந்தொகையின் இரண்டாம் பாட்டு, தருமிக்குப் பொற்கிழி வாங்கித் தந்ததாகத் ‘திருவிளையாடல்’ படம் பார்த்த எல்லோருக்கும் தெரிந்த பாட்டு, ஒரு தும்பியை விளித்துத் தொடங்குகிறது. அந்தத் தும்பி தேடித் திரிவது கொங்கு. பூந்தாது என்று அதற்கு உரை. நாட்டின் பெயருக்கு வேறு காரணங்களும் சொல்வார்கள், அந்த வழக்குக்குள் நான் போகவில்லை. தாது இருந்த நாடு என்பது மட்டும் கண்ணால் கண்டது. காங்கயம் பக்கத்துக் கொரங்காட்டு மேய்ச்சல் நிலத்தில் கிளுவை வேலிக்குள் வெள்வேல மரங்கள் வெண்மஞ்சளாகப் பூத்து நிற்கும். பனை இருக்கும். வேம்பு, புங்கன், புளி ஒன்றுக்குப் பின் ஒன்றாக வரும். மானாவாரிக் காட்டில் விதைத்த சோளமும் கம்பும் கதிர் தள்ளும்போது, காலைப் பனி காயும் முன்பே தேனீக்கள் இரண்டு காலிலும் மஞ்சள் மூட்டையோடு திரும்பும்.

இன்று பொள்ளாச்சி, ஆனைமலை, உடுமலை எல்லாம் தென்னை. தென்னை தேனீக்கு நல்ல மரம்தான், சந்தேகமில்லை. மாதம் ஒரு பாளை வெடிக்கும், ஆண்பூ ஏறக்குறைய மூன்று வாரம் தாது கொடுக்கும். வருடம் முழுவதும் பூ இருக்கிறதே என்று நம்பித்தான் தோப்புக்குள் பெட்டி வைக்கிறோம். ஆனால் ஆடிக்காற்றிலும் தூறலிலும் ஈ வெளியே போக முடியாது. பூ இருந்தும் பட்டினி. தோப்புக்கு வெளியே மக்காச்சோளம் இருக்கிறது, பல்லடம், நாமக்கல் கோழிப் பண்ணைகளின் புண்ணியத்தில். அதன் தாது அள்ள அள்ள வரும், சத்து மட்டம். ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலம் அதில் இல்லாத குறை. சூரியகாந்தித் தாதிலும் புரதம் கம்மி. தினம் மூன்று வேளையும் வெறும் மரவள்ளிக்கிழங்கு தின்னும் வீட்டில் பிள்ளைத்தாய்ச்சி இருப்பதுபோல. பல பூவின் தாது கலந்து வந்தால் ஒன்றின் குறையை ஒன்று மூடும்.

ஊட்டும் வாய் நோயும் ஊட்டும் என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். 1991-92-இல் தென்னிந்தியாவின் அடுக்குத் தேனீக் கூட்டங்களில் பத்தில் ஒன்பதுக்கு மேல் அழிந்தன. தாய் சாக்புரூட் என்ற நச்சுயிரி. செத்த புழுவை அப்புறப்படுத்தும் இளம் தாதியின் உடலில் அது ஏறி, கூழ்ச் சுரப்பிகளிலேயே குவிந்து, அடுத்த புழுவின் வாய்க்குக் கூழோடு போய்ச் சேர்கிறது. தாதி பார்க்க நன்றாகவே இருப்பாள். கடையில் வாங்கிய தேனையோ அடுத்த பெட்டித் தேனையோ தீனியாக ஊற்றாதீர்கள் என்று சொல்வதும் இத்தகைய தொற்றுகளுக்குப் பயந்துதான்.

சர்க்கரைத் தண்ணீரே கூடாது என்று நான் சொல்லவில்லை. பூத்தேன் வராத காலத்தில் அது உயிர் காக்கும். நம் அடுக்குத் தேனீ பட்டினி கிடந்து சாகாது, ஒரு நாள் காலையில் பெட்டியைக் காலி செய்துவிட்டுக் கிளம்பிவிடும். சர்க்கரையும் தண்ணீரும் சரிக்குச் சரி கரைத்து, ஆறவைத்து, பொழுது சாய்ந்தபின் தேங்காய்த் தொட்டியில் ஊற்றி, ஈ மூழ்காமல் இருக்க நாலு குச்சி போட்டுப் பெட்டிக்குள் வைத்தால் போதும். வெளியே சிந்தினால் பக்கத்துப் பெட்டி ஈக்கள் கொள்ளைக்கு வரும். வெல்லமும் கருப்பட்டியும் பாசத்தோடு கரைத்து வைப்பவர்கள் உண்டு. ஈக்கு வயிற்றுப்போக்கு வரும், வேண்டாம். தேன் அறை வைத்திருக்கும் காலத்தில் சர்க்கரை ஊற்றுவது தீனியல்ல, கலப்படம்.

தாதுக்கு மாற்றாகக் கொழுப்பு நீக்கிய சோயா மாவு, ஈஸ்ட், கொழுப்பு நீக்கிய பால்மாவு ஆகியவற்றைப் பாகில் பிசைந்து, சப்பாத்தி மாவுபோல் தட்டிச் சட்டங்களின் மேல் வைக்கிறார்கள். நானும் வைத்தேன். என் பெட்டியில் பாதியைத் தின்றன, மீதியைத் துணுக்குத் துணுக்காகக் கடித்து வாசலில் கொண்டுவந்து போட்டன. புரதம் இருந்தாலும் அதில் தாவரத் தாதின் ஸ்டீரால் கொழுப்புகள் இல்லை. அவற்றைத் தேனீயால் தானே உண்டாக்கிக்கொள்ள முடியாது. 2025-இல் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தார் அப்படிப்பட்ட ஆறு ஸ்டீரால்களை உண்டாக்கும்படி ஒரு ஈஸ்டை மாற்றி, தீனியில் கலந்து கொடுத்தார்கள். அது இல்லாத தீனியோடு ஒப்பிட, கூட்டுப்புழுப் பருவத்தை எட்டிய புழுக்கள் 15 மடங்கு வரை அதிகம். அந்த மாவு நம் கடைத்தெருவுக்கு வரும்போது வரட்டும்.

ராணியையே உண்டாக்க நினைக்கும்போது இந்தக் கணக்கு இன்னும் கறாராகிவிடும். அமெரிக்கர் டூலிட்டில் 1889-இல் எழுதிவைத்த முறைதான் இன்றும் எங்கும். மெழுகுக் கிண்ணத்தில் ஒரு நாள் வயதுகூட ஆகாத புழுவை ஊசி முனையால் எடுத்து வைத்து, ராணி இல்லாத, தாதிகள் நெருங்கிய கூட்டத்திடம் கொடுக்க வேண்டும். புழுவின் வயது ஏறினால் ராணி சிறுத்துவிடும். வயது சரியாக இருந்து, தாதிக்குத் தாது இல்லாவிட்டாலும் சிறுத்துவிடும். ஆடியில் ராணியை நசுக்கிப் புதுசு உண்டு பண்ண நினைத்தவருக்குக் கிடைத்திருக்கக்கூடியது பழையதைவிட மோசமான ராணிதான்.

அவர் நசுக்கவில்லை. மூன்று பெட்டிகளை வெள்வேல மரங்கள் உள்ள தம் மச்சாண்டார் காட்டுக்குக் கொண்டுபோய் வைத்தார். புரட்டாசியில் போன் வந்தது. அடையில் முட்டை இருக்கிறது, அதே ராணி.

பெட்டி வைத்திருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். மாட்டுக்குச் சோளத்தட்டு அறுக்கும்போது, காட்டோரத்தில் நாலு சால் மட்டும் பூ முடியும்வரை ஒரு பத்து நாள் விட்டுவையுங்கள். மாடு கோவித்துக்கொள்ளாது.